செமித்திய இறைப்பெயர்களும் தென்பாண்டித் தமிழும்

செமித்திய மொழிகளில் கடவுளைக் குறிக்கும் பெயர்களின் தோற்றத்தையும் பொருளையும் ஆராயப் புகுவோர், அவற்றுள் எது பொதுப்பெயர், எது ஒரு தெய்வத்துக்கே உரிய சிறப்புப்பெயர், எது அடியார் தம் பணிவைக் காட்ட இட்டு வழங்கிய பட்டப்பெயர் என்பதை முதலில் தெளிந்துகொள்ள வேண்டும். தமிழில் தெய்வம் என்னும் சொல் முதல் வகையையும், சிவன் என்பது இரண்டாம் வகையையும், ஆண்டவன் என்பது மூன்றாம் வகையையும் சாரும். இந்த வேறுபாடு மங்கிய இடங்களிலெல்லாம் மொழிபெயர்ப்பாளர்கள் இடறியிருக்கின்றனர் என்பதற்கு, 16ஆம் நூற்றாண்டு முதல் இன்றுவரை நீளும் தமிழ்க் கிறிஸ்தவ, இஸ்லாமிய எழுத்து வரலாறே சான்றாகும். அவ்வரலாற்றின் பல பக்கங்கள் விருதுநகர் மாவட்டத்தையும் அதைச் சூழ்ந்த தென்பாண்டிச் சீமையையும் தொட்டுச் செல்கின்றன. கோவில்பட்டியை அடுத்த காமநாயக்கன்பட்டியில் வீரமாமுனிவர் பணிபுரிந்தார். எட்டயபுரம் உமறுப்புலவரைப் போற்றியது. சிவனின் பெயரையும் காசியின் பெயரையும் ஒருசேரத் தாங்கிய சிவகாசியை ஒட்டி, சாட்சியம் பகர்தல் என்னும் கிறிஸ்தவக் கருத்தைப் பெயரிலேயே கொண்ட சாட்சியாபுரம் எழுந்தது. திருச்சுழியில் பிறந்த ரமணர் எபிரேய வேதத்தின் ஒரு வாக்கியத்தைத் தம் உபதேசத்தின் உரைகல்லாகவே எடுத்துக்கொண்டார்.

செமித்திய மொழிகள் என்னும் பெயரால் அக்காடியம், உகாரித்தியம், எபிரேயம், அரமேயம், அரபு, எத்தியோப்பியரின் பழைய வழிபாட்டு மொழியான கீயெஸ் முதலியவை ஒரே குடும்பமாகத் தொகுக்கப்படுகின்றன. இக்குடும்பத்தின் பெரும்பகுதிக்கும் பொதுவான வேர்ச்சொல் 'இல்' என்பதாகும். பாபிலோனியர் பேசிய அக்காடியத்தில் அது 'இலு' என நின்றது. பாபிலோன் என்னும் நகர்ப்பெயரையே அவர்கள் 'பாப் இலிம்', அதாவது கடவுளின் வாயில், என்று பொருள் கொண்டனர். சிரியக் கடற்கரையில் ராஸ் ஷம்ரா என்னுமிடத்தில் 1928இல் தற்செயலாக வெளிப்பட்ட பழைய உகாரித் நகரத்தின் களிமண் பலகைகளில், இல் என்பது தேவர் கூட்டத்துக்குத் தலைமை தாங்கும் முதியவரின் சிறப்புப்பெயராகவும், எந்தத் தெய்வத்தையும் குறிக்கும் பொதுப்பெயராகவும் ஒரே காலத்தில் வழங்கக் காணலாம். எபிரேயத்தில் அது 'ஏல்' ஆயிற்று. வலிமை என்னும் பொருளுடைய வேரிலிருந்து அது பிறந்ததென்பது பலர் கொண்ட கருத்து. உறுதியான முடிவு எட்டப்படவில்லை. தமிழில் ஒளியையும் கதிரவனையும் குறிக்கும் 'எல்' என்பதிலிருந்தே எபிரேய ஏல் பிறந்தது என்று விழா மலர்களில் அவ்வப்போது எழுதப்படுவதுண்டு. ஓசை ஒப்புமை ஒன்றைத் தவிர அதற்கு வேறு ஆதாரம் இல்லை. அரமேயத்தில் தந்தையை விளிக்கும் 'அப்பா' என்ற சொல் கிறிஸ்தவ ஜெபத்தில் நிலைத்திருப்பதும், தமிழ்க் குழந்தை அதே சொல்லால் தந்தையை அழைப்பதும் அத்தகைய ஒப்புமையே. குழந்தையின் வாயில் எளிதில் உருவாகும் ஒலிகள் உலகெங்கும் பெற்றோரைக் குறிக்கும் சொற்களாக அமைவது மொழியியலார் நன்கறிந்த செய்தி.

ஏல் என்னும் சொல், தன்னை அறியாதவர் வாயிலும் நாள்தோறும் ஒலித்துக்கொண்டிருப்பது அதன் தனிச்சிறப்பு. இம்மானுவேல் என்றால் 'ஏல் நம்முடன்'. தானியேல் என்றால் 'ஏல் என் நடுவர்'. கத்தோலிக்கர் மிக்கேல் என்று சுருக்கும் மிகாயேல் 'ஏலுக்கு நிகர் யார்' என்னும் வினா. 'ஏல் கேட்கிறார்' என்ற பொருளுடைய இஸ்மவேல், முஸ்லிம் இல்லங்களில் இஸ்மாயில் ஆகிறார். வானவர் காபிரியேல் ஜிப்ரீல் ஆகிறார். 'யா' என்னும் இன்னொரு இறைப்பெயரின் சுருக்கமும் இவ்வாறே ஆட்பெயர்களில் ஒளிந்திருக்கிறது. யோவேல் என்ற பெயரில் இரண்டும் சேர்ந்து 'யா தான் ஏல்' என்று பொருள் தருகின்றன. எலியா என்பதில் அதே இரண்டும் முன்பின்னாக இடம் மாறி நிற்கின்றன. அல்லேலூயா என்பது 'யாவைத் துதியுங்கள்' என்னும் ஏவல். 'யா அருள்புரிந்தார்' என்ற பொருளுடைய யோகனான் என்னும் எபிரேயப் பெயர், சீர்திருத்தச் சபையாரிடம் ஓசை வழியாக யோவான் என்றும், பழைய தமிழ்க் கத்தோலிக்கரிடம் பொருள் வழியாக அருளப்பர் என்றும் வழங்கியதை நோக்கினால், பெயரைப் பெயர்த்தெழுதுவதா மொழிபெயர்ப்பதா என்ற வழக்கு இறைப்பெயரோடு நின்றுவிடாமல் ஆட்பெயர் வரை இறங்கியமை விளங்கும்.

ஏல் என்பதன் விரிந்த வடிவமான 'எலோவா' எபிரேய வேதத்தில் பெரும்பாலும் யோபு நூலில்தான் பயில்கிறது; ஆயிரக்கணக்கான இடங்களில் வருவது அதன் பன்மை வடிவமான 'எலோஹிம்' ஆகும். 'இம்' என்பது எபிரேயத்தில் ஆண்பால் பன்மை விகுதி. ஆயினும் இஸ்ரவேலரின் ஒரே கடவுளைக் குறிக்கும்போது, பன்மை வடிவுடைய அப்பெயர் பெரும்பாலும் ஒருமை வினையையே கொள்கிறது. பிற இனத்தாரின் தெய்வங்களைக் குறிக்கும்போது பொதுவாக வினையும் பன்மையாகிறது. இதனை மாட்சிமைப் பன்மை என்று இலக்கண ஆசிரியர்கள் விளக்குவர். ஒருவரைப் பலராகப் பேசும் உயர்வுப் பன்மை தமிழருக்குப் புதிதன்று என்றாலும், தமிழ்க் கிறிஸ்தவ வழக்கு எபிரேயத்தை அப்படியே தலைகீழாக்கி நிற்பது கவனிக்கத்தக்கது. எபிரேயத்தில் பெயர் பன்மை, வினை ஒருமை. 'தேவன் படைத்தார்' என்னும் தமிழ்த் தொடரில் பெயர் ஒருமை, வினை பன்மை. 'அன்' ஈற்றுப் பெயர் 'ஆர்' ஈற்று வினையோடு முடிவது இலக்கணப்படி வழுவாயினும், உயர்வு கருதி அமைத்துக்கொள்ளப்பட்டுத் தேவாலயங்களில் பழகிவிட்டது. தமிழ் முஸ்லிம்களின் வழக்கோ இதற்கு முற்றிலும் வேறு. அல்லாஹ் ஒருவனே என்ற ஏகத்துவக் கொள்கையில் பன்மையின் நிழல்கூடப் படியலாகாது என்பதால், அவர்கள் 'அல்லாஹ் படைத்தான்' என்று ஒருமையிலேயே எழுதுவர்; நபிமார்களையும் பெரியோர்களையும் 'அவர்கள்' என்று உயர்த்திச் சொல்லும் அதே எழுத்து, இறைவனை 'அவன்' என்றே சுட்டும். குர்ஆனில் இறைவன் தன்னை 'நாம்' என்று கூறும் இடங்களில் அந்தப் பன்மை தமிழிலும் காக்கப்படுகிறது. படர்க்கைக்கு அது வருவதில்லை. சிவகாசி அச்சகங்களில் தேவாலயத் திருமண அழைப்பிதழும் நிக்காஹ் அழைப்பிதழும் ஒரே நாளில் ஒரே மேசைக்கு அச்சுப்படி திருத்த வரக்கூடும். முன்னதில் 'அருள்வாராக' என்றும் பின்னதில் 'அருள்வானாக' என்றும் இருக்க வேண்டிய வினைமுற்று இடம் மாறிவிட்டால், அது எழுத்துப்பிழையாக அன்றிச் சமயப் பிழையாகவே இரு வீட்டாருக்கும் தோன்றும்.

ஏல், எலோஹிம் ஆகியவை பொதுப்பெயர்கள் என்றால், இஸ்ரவேலரின் கடவுளுக்கே உரிய சிறப்புப்பெயர் யோத், ஹே, வாவ், ஹே என்னும் நான்கு மெய்யெழுத்துகளால் எழுதப்பட்டது. எபிரேய வேதத்தில் சுமார் 6,800 இடங்களில் வரும் இப்பெயரை, வேதத்துக்கு வெளியே ஐயமின்றிக் காட்டும் பழைய சான்றுகளுள் முதன்மையானது, இன்றைய ஜோர்தானிலுள்ள திபானில் 1868இல் கண்டெடுக்கப்பட்ட மோவாபிய அரசன் மேசாவின் கல்வெட்டாகும், அது கி.மு. 9ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. யாத்திராகமத்தின் மூன்றாம் அதிகாரம் இப்பெயரை 'இருத்தல், ஆதல்' என்னும் பொருளுடைய வினையோடு இணைக்கிறது. எரியும் முட்செடியின் நடுவிலிருந்து பேசியவரின் பெயரை மோசே வினவ, விடையாகப் பெயர்ச்சொல் வராமல் அந்த வினையின் தன்மை ஒருமை வடிவமான 'எஹ்யே' வருகிறது. கிரேக்க ஆசிரியர்கள் சிலர் எழுதிவைத்த ஒலிப்புகளைக் கொண்டு, நாலெழுத்துப் பெயர் 'யஹ்வே' என ஒலிக்கப்பட்டிருக்கலாம் என்று அறிஞர் பெரும்பாலோர் கருதுகின்றனர்.

அப்பெயரை வாயால் சொல்லாமல் விடும் மரியாதை யூதரிடையே படிப்படியாக வேரூன்றியது. வேதத்தை வாசிப்போர் அவ்விடத்தில் 'என் ஆண்டவர்' என்னும் பொருளுடைய 'அதோனாய்' என்ற பட்டப்பெயரைச் சொல்வர். அன்றாடப் பேச்சில் 'ஹஷேம்', அதாவது 'அந்தப் பெயர்', என்றே குறிப்பிடுவர். எபிரேய எழுத்து மெய்களால் மட்டுமே அமைந்திருந்ததால், கி.பி. 7 முதல் 10ஆம் நூற்றாண்டு வரை வாழ்ந்த மசோரேத்தியர் எனப்படும் ஏடுகாப்பாளர்கள் உயிர்க்குறிகளைச் சேர்த்தபோது, நாலெழுத்துப் பெயரின்மேல் அதோனாயின் உயிர்க்குறிகளை இட்டனர்; இங்கே அதோனாய் என்று வாசிக்க என்பது அதன் குறிப்பு. இதை அறியாத இடைக்கால ஐரோப்பியர், ஒரு பெயரின் மெய்களையும் மற்றொரு பெயரின் உயிர்களையும் கூட்டி வாசித்ததால் விளைந்ததே 'யெகோவா' என்னும் வடிவம். தோற்றம் எதுவாயினும் அது தமிழ் மண்ணில் உயிருள்ள பெயராகிவிட்டது. 'கர்த்தர் பார்த்துக்கொள்வார்' என்ற கருத்துடைய யேகோவாயீரே, 'கர்த்தர் என் கொடி' என்ற பொருளுடைய யேகோவாநிசி ஆகியவை தென்மாவட்டங்களில் கடைப் பலகைகளிலும் ஆட்டோக்களின் முகப்பிலும் சாதாரணமாகக் காணக்கிடைப்பவை. யெகோவாவின் சாட்சிகள் என்னும் பிரிவினர் தம் வேத மொழிபெயர்ப்பில் கர்த்தர் என்பதை நீக்கி இப்பெயரையே நெடுகிலும் ஆள்கின்றனர். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் தொடங்கிய கிரேக்க மொழிபெயர்ப்பின் ஏடுகளில், கிறிஸ்தவர் வழிவந்தவை அதோனாய்க்கு நிகராகக் 'கூரியோஸ்', அதாவது தலைவர், என்று எழுதின. தமிழ்க் 'கர்த்தர்' அக்கிரேக்கச் சொல்லின் வழிமுறையில் வந்தது. ஆகவே கர்த்தர் என்னும் சொல் சிறப்புப்பெயரின் மொழிபெயர்ப்பு அன்று. சிறப்புப்பெயரைச் சொல்லாமல் விட்ட இடத்தில் வந்தமர்ந்த பட்டப்பெயரின் மொழிபெயர்ப்பு.

மற்றப் பட்டப்பெயர்களுள் 'ஷத்தாய்' என்பதன் மூலப்பொருள் இன்றும் விவாதத்துக்குரியது. அக்காடியத்தில் மலையைக் குறிக்கும் 'ஷது' என்பதோடு அதை இணைப்போர் உளர். கிரேக்க, இலத்தீன் மொழிபெயர்ப்பாளர்கள் பல இடங்களில் அதை 'எல்லாம் வல்லவர்' எனப் பெயர்த்ததால், மலையாக இருந்திருக்கக்கூடியவர் தமிழில் சர்வவல்லவர் ஆனார். 'எல்யோன்' உன்னதமானவர். 'பாகால்' என்று தமிழ் வேதம் எழுதும் 'பஅல்' என்பதோ உடையவன், எசமான் என்ற பொருளுடைய நல்ல பட்டப்பெயரே. கானானியரின் மழைக்கடவுளுக்கு அது உரிமையானபின் இஸ்ரவேலர் அதை வெறுத்தொதுக்கினர். சவுல் அரசனின் மகன் பெயரில் இருந்த பஅல், பின்னைய ஏடுகளில் வெட்கம் என்னும் பொருளுடைய 'போஷெத்' ஆக மாற்றப்பட்டமை, ஒரு பட்டப்பெயர் எவ்வளவு தூரம் வீழலாம் என்பதற்கு எடுத்துக்காட்டு.

அரமேயத்தில் ஏல் என்பதன் உறவுச்சொல் 'எலாஹ்' ஆகும். சிலுவையில் இயேசு உரைத்ததாக மத்தேயு எழுதும் 'ஏலீ' எபிரேய வடிவம், மாற்கு எழுதும் 'எலோயீ' அரமேய வடிவம்; பெரிய வெள்ளியன்று ஏழு வாக்கியங்களைத் தியானிக்கும் சபைகளில் இரண்டுமே ஒலிக்கின்றன. அரமேயத்தின் கிளையான சுரியானியில் இது 'ஆலாஹா' என வழங்கி, கேரளத்து மார்த்தோமா கிறிஸ்தவரின் வழிபாட்டில் பல நூற்றாண்டுகளாக நிலைத்துள்ளது. எத்தியோப்பியர் மட்டும் இந்த வேரை விட்டு விலகி, 'நாட்டின் தலைவர்' என்னும் பொருளுடைய 'எக்ஸியாபிஹேர்' என்பதைக் கொண்டனர்.

அரபு 'இலாஹ்' என்பதும் இதே வேரின் கிளையே. அதோடு 'அல்' என்னும் சுட்டு சேர்ந்து 'அல்-இலாஹ்' ஆகி, வழக்கில் தேய்ந்து 'அல்லாஹ்' ஆயிற்று என்பது இன்றைய மொழியியலாரின் பெரும்பான்மைக் கருத்து. அரபு இலக்கணிகளிடையே இது நூற்றாண்டுகள் நீண்ட வழக்காக இருந்தது. தமிழ் இலக்கணம் இடுகுறிப்பெயர், காரணப்பெயர் என்று பிரிப்பதைப் போலவே, அவர்கள் வேரிலிருந்து பிறந்த பெயர், வேர் காண இயலாத பெயர் என்று பிரித்தனர். 12ஆம் நூற்றாண்டின் ஸமக்ஷரீ தம் குர்ஆன் விரிவுரையில் அல்லாஹ் என்பதன் மூலம் அல்-இலாஹ் என்றே கொண்டார். காரணப்பெயர்க் கட்சியினர் வணங்குதல், திகைத்து நிற்றல், மறைந்திருத்தல் எனப் பல வேர்களையும் காட்டி, ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு தத்துவத்தை விரித்தனர். ஸமக்ஷரீக்குச் சற்றுப் பின்வந்த ஃபக்ருத்தீன் ராஸீயோ அது எந்த வேரிலிருந்தும் பிறவாத சிறப்புப்பெயர் என வாதிட்டார். காரணப்பெயர் என்றால் அதன் பொருள் வேறொருவருக்கும் பொருந்த இடமுண்டு, சிறப்புப்பெயர் என்றால் ஒருவருக்கே உரியது என்பது அக்கட்சியின் நியாயம். எல்லாச் சொல்லும் பொருளுடையது என்று கொள்ளும் தொல்காப்பிய மரபில் வந்தவர்க்கு ஸமக்ஷரீயின் பக்கமே சாய்வு தோன்றும். எனினும் சமய உணர்வில் ஊறியவருக்கு ராஸீயின் வாதம் எளிதில் ஒதுக்கக்கூடியதன்று. சொற்பிறப்பை ஆராய்வது ஒரு வேலை, ஒரு பெயர் வழக்கில் யாரைச் சுட்டுகிறது என்பதைக் காண்பது மற்றொரு வேலை. இவ்விரண்டையும் பிரித்துவிட்டால் இரு கட்சியும் தத்தம் எல்லைக்குள் சரியானவையே.

அல்லாஹ் என்னும் பெயர் இஸ்லாத்துக்கு முன்பே அரபு நாட்டில் வழங்கியது. நபிகள் நாயகத்தின் தந்தையார் பெயரே அப்துல்லாஹ், 'அல்லாஹ்வின் அடியார்'. அரபு பேசும் கிறிஸ்தவர்களும் இன்றுவரை வேதத்திலும் வழிபாட்டிலும் அல்லாஹ் என்றே சொல்கின்றனர். கத்தோலிக்க நாடான மால்டாவின் மொழியிலும் கடவுள் 'அல்லா' தான். இதற்கு இணையாகத் தென் அரேபியாவில் வேறொரு மரபு இருந்தது. யமனின் ஹிம்யர் அரசர்கள் யூத சமயத்தைச் சார்ந்த காலத்திலும், பின்னர் கிறிஸ்தவராகிய ஆப்ரஹா ஆண்ட 6ஆம் நூற்றாண்டிலும், அங்குள்ள கல்வெட்டுகள் கடவுளை 'ரஹ்மானான்', அருளாளன், என்று பெயரிட்டன. கருப்பையைக் குறிக்கும் 'ரஹ்ம்' என்னும் அதே வேரிலிருந்து எபிரேயத்தில் இரக்கத்துக்கும் சொல் பிறந்தது. 628இல் ஹுதைபிய்யா உடன்படிக்கை எழுதப்பட்டபோது, மக்காவின் தூதரான சுஹைல் ரஹ்மான் என்பதைத் தாம் அறியவில்லை என்று தடுத்து, பழைய அரபு முறைப்படி தொடங்கச் செய்ததாக வரலாறு கூறும். அல்லாஹ் என்றழைத்தாலும் ரஹ்மான் என்றழைத்தாலும் அழகிய பெயர்கள் அவனுக்கே உரியவை என்ற கருத்தைக் குர்ஆனின் 17ஆம் அத்தியாயம் நிலைநாட்டியதால், வடக்கின் பெயரும் தெற்கின் பெயரும் ஒருவனைச் சேர்ந்தன. இன்று எந்தப் பணிக்கும் முன் சொல்லப்படும் பிஸ்மியில் அல்லாஹ், ரஹ்மான், ரஹீம் மூன்றும் அடுத்தடுத்து நிற்பதன் பின்னால் இந்த வரலாறு உண்டு.

திருநாமங்கள் 99 என்பது ஹதீஸ் வழக்கு; திர்மிதீயின் தொகுப்பில் அவற்றின் பட்டியலும் உள்ளது. இவற்றோடு 'அப்து', அடியார், என்பதைச் சேர்த்தே ஆட்பெயர் அமைப்பது முறை. அப்துல் காதர் என்றால் 'ஆற்றலுடையவனின் அடியார்'. தமிழ்நாட்டுப் பேச்சில் அடியாரை விட்டுவிட்டுக் 'காதர் பாய்' என்றும், அப்துர் ரஹ்மானை 'ரஹ்மான்' என்றும் சுருக்கி அழைப்பது பரவலான பழக்கம். மார்க்க அறிஞர்கள் இதைக் கண்டிப்பதுண்டு. ரஹீம், கரீம் போன்றவை மனிதருக்கும் ஆகக்கூடிய பண்புப்பெயர்கள் என்பதால் அவற்றுக்கு இடம் தந்து, ரஹ்மான் இறைவனுக்கே உரியதென்று அவர்கள் வரையறுக்கின்றனர்.

எழுத்தில் இறைப்பெயரைக் காக்கும் நெறி யூதருக்கும் முஸ்லிம்களுக்கும் பொதுவானது. எபிரேயத்தில் எழுத்துகளே எண்களாதலால், 15 என்பதைப் பத்தும் ஐந்துமாக எழுதினால் 'யா' என்னும் பெயர் அமைந்துவிடும்; அதனால் ஒன்பதும் ஆறுமாக எழுதுவர். இறைப்பெயர் தாங்கிய ஏடுகளை அழிக்காமல் சேமித்துவைக்கும் வழக்கத்தால்தான் கெய்ரோவின் பென் எஸ்ரா தொழுகைக்கூடத்தில், மலபார்க் கரையோடு வாணிகம் செய்தோரின் கடிதங்கள் உள்ளிட்ட பெருங்குவியல் தப்பிப் பிழைத்தது. பிஸ்மியின் அரபு எழுத்துகளின் எண்மதிப்பைக் கூட்டிய தொகையான 786ஐ அழைப்பிதழ்களின் தலைப்பில் அச்சிடும் தென்னிந்திய முஸ்லிம் வழக்கமும் இத்தகையதே: விருந்து முடிந்தபின் அழைப்பிதழ் எங்கே கிடக்குமோ, யார் காலில் படுமோ என்னும் அச்சம் அதற்குள் இருக்கிறது. எண்ணைப் பெயருக்கு ஈடாக்க மார்க்கத்தில் ஆதாரம் இல்லை என்று மறுப்போரும் சமூகத்துக்குள்ளேயே உள்ளனர். ஆடிப்பெருக்கு நாளில் அடுத்த ஆண்டின் காலண்டர் ஆல்பங்களை வெளியிட்டு ஆர்டர் பிடிக்கத் தொடங்கும் சிவகாசியில் இக்கேள்வி வெறும் ஏட்டுக் கேள்வியன்று. நாளொன்றுக்கு ஒரு தாள் கிழித்தெறியப்படும் தினசரி காலண்டரில் ஹிஜ்ரி தேதியும் ராகுகாலமும் எவர்க்கும் இடறாமல் அமைந்துவிடும், வேத வசனமோ திருநாமமோ அச்சாகும்போதுதான் கிழித்த தாளை என்ன செய்வது என்ற எண்ணம் வாங்கியவருக்கு எழும்.

தமிழில் இப்பெயர்களைப் பெயர்த்த மரபுகளுள் மூத்தது கடற்கரைக் கத்தோலிக்கருடையது. 1578இல் கொல்லத்தில் அச்சான அண்டிரிக் அடிகளாரின் நூல் 'தம்பிரான் வணக்கம்' எனப் பெயர் பெற்றதால், தமிழ் அச்சில் முதலில் ஏறிய கிறிஸ்தவ இறைப்பெயர் தம்பிரான் எனலாம். சைவ மடங்களில் துறவியர்க்கும் உரிய அச்சொல் நீடிக்கவில்லை. 1606இல் மதுரைக்கு வந்த இராபர்ட் தெ நோபிலி, 'அனைத்துக்கும் ஈசன்' எனப் பொருள்படும் சருவேசுரன் என்பதை நிலைப்படுத்தினார். ஈசுரன் என்பதில் சைவச் சாயல் இருந்தும், 'சருவ' என்னும் அடை அதை மறைத்துவிடும் என்று அவர் மரபினர் நம்பினர் போலும். தரங்கம்பாடியில் 1715இல் புதிய ஏற்பாட்டை அச்சிட்ட சீகன்பால்குவும், கத்தோலிக்கரோடு கொள்கையில் முரண்பட்டவராயினும், இச்சொல்லையே எடுத்துக்கொண்டார். அவர் மரபில் வந்த ஃபப்ரீசியுஸ் 18ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் பராபரன் என்பதை நிறுவினார். அச்சொல் தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் போன்றோரின் பாடல்களில் ஊறிவிட்டதால், ஃபப்ரீசியுஸின் வேதத்தைத் திருத்தும் முயற்சி எழுந்தபோது சாஸ்திரியாரே முன்னின்று எதிர்த்தார். பாட்டில் ஏறிய இறைப்பெயரைக் குழு கூடித் தீர்மானம் போட்டு மாற்றுவது எளிதன்று.

ஹென்றி பவர் தலைமையில் முடிந்து 1871இல் வெளிவந்த ஐக்கிய மொழிபெயர்ப்பு எலோஹிமுக்குத் தேவன், நாலெழுத்துப் பெயருக்குக் கர்த்தர் என்று வரையறுத்தது. மிஷனரியான ராக்லண்டும் அவர் தோழர்களும் 1854 முதல் கூடாரமடித்து ஊர் ஊராகச் சுற்றிய வடதிருநெல்வேலிப் பகுதியின் சீர்திருத்தச் சபைகளிலும் பின்னர் இந்த வழக்கே வேரூன்றியது. ராக்லண்ட் 1858இல் சிவகாசியில் காலமானார். தேவன் என்ற தேர்வில் ஒரு குறை உண்டு: இந்து வழக்கில் அது பலருள் ஒருவரான சிறுதேவரையும் குறிக்கும், தென்பாண்டியில் அது ஒரு சமூகத்தின் பட்டப்பெயராகவும் வழங்கும். ஆனால் எபிரேய ஏல் என்பதும் பலருள் ஒருவரைக் குறித்த பொதுப்பெயராகத் தொடங்கியதே என்பதை எண்ணும்போது, பவரின் குழுவினர் குறையென்று கருதப்பட்டதிலேயே மூலத்துக்கு நெருங்கினர் என்று சொல்லத் தோன்றுகிறது. 20ஆம் நூற்றாண்டில் லார்சன், மொனகன் ஆகியோரின் திருத்தம் கடவுள் என்னும் தமிழ்ச்சொல்லைக் கொண்டது. கத்தோலிக்கரும் சீர்திருத்தச் சபையாரும் சேர்ந்து உருவாக்கி 1995இல் வெளியான திருவிவிலியம் கடவுள், ஆண்டவர் என்னும் இணையை ஆண்டது. நடையில் இதுவே தெளிவானது. இருந்தும் ஜெபத்தில் முழந்தாளிடும் சீர்திருத்தச் சபையாரின் வாயில் கர்த்தரே எழுகிறார்.

தமிழ் முஸ்லிம்களின் மரபு வேறு நெறியில் சென்றது. சிறப்புப்பெயரை மொழிபெயர்ப்பதில்லை என்னும் விதியை அவர்கள் விட்டுக்கொடுக்கவில்லை. பட்டப்பெயர்களுக்கோ தமிழின் கருவூலம் முழுவதையும் திறந்துவிட்டனர். நாயன், இறைவன், ஆண்டவன், வல்லவன் ஆகியவை உமறுப்புலவரின் சீறாப்புராணம் முதலிய காப்பியங்களிலும், அரபு எழுத்தில் தமிழை எழுதிய அறபுத்தமிழ் ஏடுகளிலும், மக்கள் பேச்சிலும் தாராளமாகப் புழங்கின. பேரருளாளன் என்று ரஹ்மானைப் பெயர்த்தாலும், அல்லாஹ்வை எந்தச் சொல்லாலும் பெயர்க்காத இந்த நெறி, பொதுப்பெயர், சிறப்புப்பெயர், பட்டப்பெயர் என்ற பாகுபாட்டைப் பிற தமிழ் மரபுகளைவிடக் கண்டிப்பாகக் காத்தது எனலாம். இப்பாகுபாடு குழம்பினால் வழக்கு நீதிமன்றம் வரை போகும் என்பதற்கு மலேசியா சான்று. அங்குள்ள கத்தோலிக்க வார இதழான ஹெரால்டு ஆங்கிலம், மலாய், சீனம், தமிழ் என நான்கு மொழிகளில் வெளிவந்தது. மலாய்ப் பகுதியில் கடவுளை அல்லாஹ் என்றெழுதும் உரிமையை 2009இல் உயர்நீதிமன்றம் அளித்தது, 2013இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை நீக்கியது, 2014இல் கூட்டரசு நீதிமன்றம் மேல்முறையீட்டுக்கு அனுமதி மறுத்தது. அரபிலிருந்து வந்த சொல் மலாயில் பொதுப்பெயரா, ஒரு சமயத்தாரின் சிறப்புப்பெயரா என்பதே அங்கே வழக்கு. அதே இதழின் தமிழ்ப் பகுதிக்கு எந்தச் சிக்கலும் நேரவில்லை.

இம்மரபுகள் எவற்றிலும் சேராதவர் திருச்சுழியில் 1879 டிசம்பர் 30 அன்று வேங்கடராமனாகப் பிறந்த ரமணர். மதுரையில் ஸ்காட் நடுநிலைப் பள்ளியிலும் அமெரிக்க மிஷன் உயர்நிலைப் பள்ளியிலும் பயின்ற காலத்தில் அவர் கிறிஸ்தவ வேத வகுப்புகளில் அமர்ந்திருந்தார். 1896இல் திருவண்ணாமலைக்குச் சென்று பல்லாண்டுகள் கழிந்தபின், கடவுளைப் பற்றிய வரையறைகளுள் யாத்திராகமத்தின் 'இருக்கிறவராக இருக்கிறேன்' என்னும் முட்செடி வாக்கியத்துக்கு ஈடானது இல்லை என்று அன்பர்களிடம் பலமுறை எடுத்துரைத்தார். கடவுளின் முதற்பெயர் 'நான்' என்பதே என்பது அவர் கொள்கை. எபிரேய அறிஞர் பலர் இதை ஏற்கமாட்டார். எஹ்யே என்னும் வடிவம் முற்றுப்பெறாத வினையாதலால், 'இருக்கிறேன்' என்பதைப் போலவே 'இருப்பேன்' என்றும் அதற்குப் பொருள் கொள்ளலாம். சற்று முன்னுள்ள வசனத்தில் அதே சொல் மோசேயோடு உடனிருப்பதாகத் தரும் வாக்குறுதியில் வருவதால், அது உள்ளமையைச் சொல்லும் தத்துவமாகாமல் துணைநிற்பதைச் சொல்லும் உறுதியாகவே அவர்களுக்குப் படுகிறது. 'உள்ளவர்' என்று பெயர்த்த கிரேக்க மொழிபெயர்ப்பின் வழியிலும் அதைத் தொடர்ந்த அலெக்சாந்திரியாவின் ஃபிலோ முதலியோரின் வழியிலும்தான் ரமணரின் பொருள்கோள் அமைகிறது. ஆனால் ஓரிடத்தில் தமிழ் அவருக்குத் துணை நிற்கிறது. எபிரேய மூலத்தில் 'நான்' என்னும் தனிச்சொல் இல்லை, ஆங்கிலம் அதைத் தன் இலக்கணத் தேவைக்காகச் சேர்த்துக்கொண்டது என்பது ரமணருக்கு எதிராகச் சொல்லத்தக்க வாதம். தமிழிலோ 'இருக்கிறேன்' என்பதன் 'ஏன்' விகுதியைப் போல, எஹ்யேயின் முதலெழுத்தான ஆலேபே தன்மை ஒருமையைச் சுட்டுவதால், அங்கே 'நான்' எழுதப்படாவிட்டாலும் வினைக்குள் இருக்கவே செய்கிறது.